ராஜி டிக்ரியை எங்கே எதிர்ப்பது: அப்பீலா, அதே கோர்ட்டா, புது வழக்கா?

சிவில் வழக்கில் வாதியும் பிரதிவாதியும் ராஜியாகி (சமரசமாகி), அதன்படி நீதிமன்றம் டிக்ரி (முறையான தீர்ப்பாணை) போட்டுவிட்டால் அந்த டிக்ரிமேல் அப்பீல் கிடையாது. 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 96(3) பிரிவு இதை ஒரே வாக்கியத்தில் சொல்லி முடிக்கிறது. அதோடு நிறுத்திக்கொண்டு "இனி ஒன்றும் செய்ய முடியாது" என்று கட்சிக்காரரைத் திருப்பி அனுப்புகிறவர்கள் உண்டு. அந்த வாக்கியத்தையே பார்க்காமல் 30-ஆம் நாள் மாலை அவசரமாக அப்பீல் தாக்கல் செய்கிறவர்களும் உண்டு. இரண்டிலும் இழப்பு கட்சிக்காரருக்குத்தான். ஏமாற்றி வாங்கிய ராஜியைக் கலைக்கச் சட்டத்தில் வழி இருக்கிறது. எந்த வாசலில் போய் நிற்கிறோம் என்பதில்தான் பலர் தவறிவிடுகிறார்கள்.

வாசலைத் தேடுமுன் குறை என்ன என்று பிரித்துக்கொள்ள வேண்டும். "அன்றைக்கு ஒப்புக்கொண்டேன், இப்போது நிலத்தின் விலை ஏறிவிட்டது" என்பது வருத்தம். அதற்கு எந்த நீதிமன்றத்திலும் பரிகாரம் இல்லை. "நான் ராஜிக்கே போகவில்லை, அந்தக் கையெழுத்து என்னுடையது இல்லை" என்பது ராஜி நடந்ததையே மறுப்பது. "கையெழுத்து என்னுடையதுதான், ஆனால் மிரட்டி வாங்கினார்கள், அல்லது வேறு தாள் என்று சொல்லி வாங்கினார்கள்" என்பது ராஜி சட்டப்படி செல்லாது என்ற வழக்கு. "ராஜியில் 12 சென்ட் என்று இருந்தது, டிக்ரியில் 21 சென்ட் என்று ஏறிவிட்டது" என்பது வெறும் எழுத்துப் பிழை. அதற்கு 152-ஆம் பிரிவில் ஒரு திருத்த மனு போதும், அப்பீலும் வேண்டாம், மோசடிக் குற்றச்சாட்டும் வேண்டாம். கீழே வருவது நடுவில் உள்ள இரண்டு வகைக் குறைகளையும் பற்றியது.

1976-இல் மாறியது என்ன

பழைய சட்டத்தில் ராஜியைப் பதிவு செய்யும் உத்தரவின்மேலும், பதிவு செய்ய மறுக்கும் உத்தரவின்மேலும் நேரே அப்பீல் போடலாம். கட்டளை 43 (சட்டத்தோடு இணைந்த விதித்தொகுப்புகளில் ஒன்று) விதி 1, உட்பிரிவு (எம்) அதற்கு இடம் தந்தது. மோசடி என்று சொல்லித் தனி வழக்கும் போட முடிந்தது. ஒரே ராஜியைச் சுற்றி அப்பீல் ஒரு பக்கம், புது வழக்கு ஒரு பக்கம் என்று நீண்டதால், 1976-ஆம் ஆண்டின் 104-ஆம் திருத்தச் சட்டம் நான்கு மாற்றங்களைச் செய்தது. அவை 1977 பிப்ரவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தன.

ஒன்று, ராஜி எழுத்தில் இருக்க வேண்டும், தரப்பினர் கையெழுத்திட்டிருக்க வேண்டும் என்று கட்டளை 23 விதி 3-இல் சேர்த்தது. இரண்டு, அதே விதியில் ஒரு காப்புரை: ஒருவர் ராஜி ஆயிற்று என்றும் மற்றவர் ஆகவில்லை என்றும் சொன்னால், அதை அந்த நீதிமன்றமே தீர்மானிக்க வேண்டும்; காரணம் எழுதாமல் வாய்தா கொடுக்கக் கூடாது. இதோடு ஒரு விளக்கமும் உண்டு: 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டப்படி செல்லாத, அல்லது ரத்து செய்யத்தக்க உடன்பாடு "சட்டப்படியான" ராஜி ஆகாது. மூன்று, விதி 3-ஏ: ராஜி சட்டப்படியானது அல்ல என்ற காரணத்துக்காக டிக்ரியை ரத்து செய்யத் தனி வழக்கு கிடையாது. நான்கு, உட்பிரிவு (எம்) நீக்கப்பட்டு, கட்டளை 43-இல் விதி 1-ஏ வந்தது. ராஜியைப் பதிவு செய்த பிறகோ மறுத்த பிறகோ போட்ட டிக்ரிக்கு எதிரான அப்பீலில், "ராஜியைப் பதிவு செய்திருக்கக் கூடாது" அல்லது "செய்திருக்க வேண்டும்" என்று வாதிடலாம் என்கிறது 1-ஏ(2).

குழப்பம் இந்த நான்காவதில் பிறக்கிறது. 96(3) அப்பீல் இல்லை என்கிறது. 1-ஏ(2) அப்பீலில் இப்படி வாதிடலாம் என்கிறது. இரண்டையும் எப்படிச் சேர்த்துப் படிப்பது? உச்ச நீதிமன்றமே இதைப் பல தடவை பல அழுத்தத்தோடு சொல்லியிருக்கிறது.

1992 டிசம்பரில் பன்வாரி லால் வழக்கில் இரண்டு வாசலும் திறந்தே இருப்பதாகச் சொன்னது: டிக்ரி போட்ட நீதிமன்றத்திலேயே மனு போடலாம், அல்லது டிக்ரிமேல் பொதுவான அப்பீல் உரிமை தரும் 96(1)-இன்கீழ் அப்பீல் போட்டு 1-ஏ(2)-ஐ எடுத்துக்கொள்ளலாம். 2006-இல் புஷ்பா தேவி பகத் வழக்கில் சுருதி மாறியது: அப்பீல் இல்லை, தனி வழக்கும் இல்லை, ராஜி டிக்ரியைத் தவிர்க்க ஒரே வழி டிக்ரி போட்ட நீதிமன்றத்தையே அணுகுவது. 2022-இல் இரண்டில் எதுவும் போகலாம் என்று இன்னொரு தீர்ப்பு. 2025 ஏப்ரலில் வந்த தீர்ப்பு முடிச்சை ஓரளவு அவிழ்த்தது: 1-ஏ(2) தனியாக ஓர் அப்பீல் உரிமையைத் தரவில்லை, முறையாக வந்து நிற்கும் அப்பீலில் எடுக்கக்கூடிய ஒரு வாதத்தைத்தான் தருகிறது, ராஜியில் தரப்பாக இருந்துவிட்டு இப்போது அதை மறுப்பவர் முதலில் விசாரணை நீதிமன்றத்தில் காப்புரையின்கீழ் மனு போட்டு, அங்கே ஒரு முடிவை வாங்க வேண்டும்.

எனவே இன்றைக்கு ஒருவர் ஆலோசனை கேட்டால், முதல் வாசல் அதே நீதிமன்றம் என்றுதான் சொல்ல வேண்டும். தீர்ப்புகளின் வரிசை மட்டும் இதற்குக் காரணம் இல்லை. சாட்சியம் எங்கே எடுக்க முடியும் என்பதுதான் பெரிய காரணம்.

அதே நீதிமன்றம், அப்பீல்: இரண்டையும் பக்கத்தில் வைத்தால்

ஒரு பாகப்பிரிவினை வழக்கை எடுத்துக்கொள்வோம். அண்ணன் வாதி, தம்பியும் தங்கையும் பிரதிவாதிகள். தங்கை வெளியூரில் இருக்கிறார். ஒரு நாள் மூவர் பெயரிலும் ராஜி மனு தாக்கலாகி, தங்கைக்கு 2 லட்சம் ரூபாய் கொடுத்தாயிற்று, சொத்தில் பங்கு இல்லை என்று டிக்ரி ஆகிறது. ஐந்து மாதம் கழித்து வில்லங்கச் சான்று எடுக்கும்போது தங்கைக்கு விஷயம் தெரிகிறது.

அவர் அப்பீல் போனால் என்ன ஆகும்? மேல் நீதிமன்றத்தின் முன் இருப்பது கீழ் நீதிமன்றக் கட்டு (வழக்குத் தாள்களின் தொகுப்பு) மட்டும்தான். அதில் ராஜி மனு இருக்கும், வக்காலத்து இருக்கும், அன்றாட நடவடிக்கைகளை எழுதும் டாக்கெட் தாளில் "தரப்பினர் ஆஜர், ராஜியின் விவரம் படித்துக் காட்டப்பட்டது, ஒப்புக்கொண்டனர்" என்ற வரி இருக்கும். அன்று தான் வேறு ஊரில் வேலையில் இருந்ததைத் தங்கை சொல்லலாம். ஆனால் அதைக் காட்டும் ஓர் ஆவணமும் அந்தக் கட்டில் இருக்காது. கூடுதல் சாட்சியத்துக்குக் கட்டளை 41 விதி 27-இல் மனு போட வேண்டும். அதன் நிபந்தனைகள் இறுக்கமானவை. கையெழுத்தை நிபுணருக்கு அனுப்பச் சொன்னால், கீழே ஏன் கேட்கவில்லை என்பதுதான் முதல் கேள்வியாக வரும். குறை உண்மையானதாக இருந்தும் நிரூபிக்க இடமில்லாமல் அப்பீல் தள்ளுபடியாவது இப்படித்தான்.

அதே நீதிமன்றத்தில் மனு போட்டால், அது ஒரு விசாரணையாகவே நடக்கும். தங்கை கூண்டில் ஏறிச் சொல்லலாம், அண்ணனைக் குறுக்கு விசாரணை செய்யலாம், அன்றைய வருகைப் பதிவேட்டைத் தருவிக்கலாம், ஒப்பீட்டுக் கையெழுத்துகளோடு ராஜி மனுவை நிபுணருக்கு அனுப்பக் கேட்கலாம். 2 லட்சம் எந்தக் கணக்கில் போனது என்று வங்கி அறிக்கையையும் தருவிக்கலாம். பணம் போகவே இல்லை என்றால் வழக்கின் முதுகெலும்பு அதுவாகத்தான் இருக்கும். மனு தோற்றாலும், இத்தனை சாட்சியமும் கட்டில் ஏறிவிடும். பிறகு மேலே போகும்போது பேசுவதற்குப் பொருள் இருக்கும்.

கட்டணத்திலும் இடைவெளி பெரிது. மனுவுக்குச் சொற்பக் கட்டணம். அப்பீலுக்கு, மதிப்பின்மேல் கட்டணம் வரும் வழக்குகளில், வழக்குரைக்குக் கட்டியதைப் போல அப்பீல் மதிப்பின்மேல் கட்ட வேண்டும். தமிழ்நாட்டில் 2017 திருத்தத்துக்குப் பின் விகிதம் 3 சதவீதம். 20 லட்சம் மதிப்பு என்றால் 60,000 ரூபாய்.

கெடுவில் அப்பீல் இன்னும் குறுகலானது. காலவரையறைச் சட்டம் 1963-இன் 116-ஆம் கூறுப்படி மாவட்ட நீதிமன்றம் போன்றவற்றுக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள், டிக்ரி தேதியிலிருந்து. நகல் வாங்க ஆன நாட்கள் 12-ஆம் பிரிவில் கழியும். அதே நீதிமன்றத்தில் போடும் மனுவுக்குத் தனியாகக் கெடு எழுதவில்லை. 137-ஆம் கூறின் 3 ஆண்டு என்று எடுத்துக்கொள்ளப்படுகிறது. மோசடி என்றால் அது தெரியவந்த நாளிலிருந்து கணக்கு ஓடும் என்பதற்கு 17-ஆம் பிரிவு துணை. ஆனால் 3 ஆண்டு இருக்கிறதே என்று உட்கார்ந்துவிடக் கூடாது. தெரிந்த பிறகு கழியும் ஒவ்வொரு மாதமும் "தெரிந்தும் சும்மா இருந்தார், அப்படியானால் ஒப்புக்கொண்டதுதான்" என்ற எதிர்வாதத்துக்குத் தீனி. நடுவில் சொத்து கைமாறிவிட்டால் வாங்கியவரும் தரப்பாக வந்து சேருவார்.

அப்படியானால் அப்பீலுக்கு இடமே இல்லையா? உண்டு. குறை கட்டின் முகப்பிலேயே தெரிகிறது என்றால் அப்பீல் நல்ல வழிதான். ராஜி மனுவில் ஒரு தரப்பின் கையெழுத்தே இல்லை. அல்லது எழுத்தில் ஒன்றுமே இல்லாமல் வக்கீல்கள் வாயால் சொன்னதை வைத்து டிக்ரி ஆகிவிட்டது. பின்னதில் 1987-லேயே குர்பிரீத் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: எழுத்தும் கையெழுத்தும் இல்லாமல் ராஜி டிக்ரி இல்லை. 2023-இல் ஒரு பாகப்பிரிவினை வழக்கில், கூட்டுச் சொத்து பற்றிய ராஜியில் எல்லாப் பங்குதாரர்களும் கையெழுத்திட்டிருக்க வேண்டும், சிலர் மட்டும் செய்துகொண்டது போதாது என்றது. இப்படிப்பட்டவற்றில் புதுச் சாட்சியம் வேண்டாம். தாளைப் புரட்டினால் போதும்.

இன்னொரு சூழ்நிலை, எதிர்ப்பு அன்றைக்கே எழுந்த வழக்கு. டிக்ரிக்கு முன்பே "இது ராஜி இல்லை" என்று தரப்பு ஆட்சேபித்து, நீதிமன்றம் விசாரித்து ராஜி உண்மை என்று முடிவு செய்து டிக்ரி போட்டிருந்தால், காப்புரையின் வேலை ஏற்கெனவே நடந்துவிட்டது. அதே கேள்வியை அதே இடத்தில் மறுபடி கேட்பதில் பொருள் இல்லை. அங்கே 96(1)-உம் 1-ஏ(2)-உம் நேரடியாகப் பொருந்தும். ராஜி உண்மையாக இருந்தும் நீதிமன்றம் அதைப் பதிவு செய்ய மறுத்து வழக்கை நடத்தி டிக்ரி போட்டிருந்தாலும் இதுவே வழி.

இரண்டு வாசலுக்கும் நடுவே ஒரு பள்ளம் இருக்கிறது. மனு ஒரு வருடம் நடந்து தள்ளுபடியாகிறது. அந்த உத்தரவின்மேல் அப்பீல் இல்லை, (எம்) போய்விட்டது. அரசியலமைப்புச் சட்டப் பிரிவு 227-இன்கீழ் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடுவது நடைமுறை. டிக்ரியின்மேலேயே அப்பீல் என்றால், கெடு டிக்ரி தேதியிலிருந்து ஓடி எப்போதோ தீர்ந்திருக்கும். மனு நடந்த காலத்தைத் தேதிவாரியாகக் காட்டி, காலவரையறைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவில் தாமத மன்னிப்பு மனு சேர்க்க வேண்டும். இதற்காகவே, முதல் மனு போட்ட தேதி, எண், ஒவ்வொரு வாய்தா என்று ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டே வருவது நல்லது. பிறகு உட்கார்ந்து தேடினால் இரண்டு மூன்று மாதக் கணக்கு எப்போதும் இடிக்கும்.

மனுவில் என்ன இருக்க வேண்டும்

முதல் நாள் செய்ய வேண்டியது நகல் மனு. ராஜி மனு, டாக்கெட் உத்தரவு, வக்காலத்து, தீர்ப்பு, டிக்ரி ஐந்தின் சான்றிட்ட நகலும் வேண்டும். பலர் டிக்ரியை மட்டும் வாங்கி வந்துவிடுகிறார்கள். வழக்கின் உயிர் மற்ற நான்கில்தான் இருக்கிறது.

ராஜி மனுவைக் கையில் எடுத்தால் கடைசிப் பக்கத்தை மட்டும் பார்க்கக் கூடாது. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் கையெழுத்து இருக்கிறதா? சொத்து விவரத் தாளில் இருக்கிறதா? எல்லாப் பக்கத்திலும் இருந்து சொத்து விவரத் தாளில் மட்டும் இல்லை என்றால், அந்தத் தாள் பிறகு மாற்றப்பட்டதா என்று கேட்கக் காரணம் இருக்கிறது. தட்டச்சு எழுத்துருவோ வரி இடைவெளியோ நடுவில் ஒரு பக்கத்தில் மாறுகிறதா? பேனாவால் திருத்திய இடங்களில் சுருக்கொப்பம் யாருடையது? கைரேகை என்றால் இது யாருடையது என்று சான்று எழுதியவர் யார்? மனுவில் எழுதிய தேதி, தாக்கல் முத்திரைத் தேதி, டாக்கெட்டில் பதிவான தேதி மூன்றும் எப்படி நிற்கின்றன? மூன்றும் ஒரே நாள் என்றால் தவறில்லை; ஆனால் கட்சிக்காரர் அன்று ஊரில் இருந்தாரா என்று பார்க்க வேண்டிய நாள் அதுதான்.

அடுத்து வக்காலத்து. 1991-இல் பைராம் பெஸ்தோன்ஜி வழக்கில், தரப்பினர் கையெழுத்து என்பதில் அதிகாரம் பெற்ற வக்கீலின் கையெழுத்தும் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. எனவே "நான் கையெழுத்திடவில்லை, வக்கீல்தான் போட்டார்" என்பது மட்டும் போதாது. வக்காலத்தில் ராஜி செய்யும் அதிகாரம் எழுதப்பட்டிருக்கிறதா, அந்த வக்காலத்தே கட்சிக்காரர் கொடுத்ததுதானா, ராஜிக்கு அறிவுறுத்தல் இருந்ததா என்று கேட்க வேண்டும். அறிவுறுத்தல் இல்லாமல் கட்சிக்காரரின் உரிமையை வக்கீல் விட்டுக்கொடுக்க முடியாது என்று 2015-இல் வந்த தீர்ப்பு இங்கே கைகொடுக்கும்.

மனுவின் தலைப்பில் கட்டளை 23 விதி 3 காப்புரையும், நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தைச் சொல்லும் 151-ஆம் பிரிவும் வர வேண்டும். கட்டளை 9 விதி 13 போடுவது அடிக்கடி நடக்கும் தவறு; அது ஒருதலைப்பட்ச டிக்ரிக்கு உரியது. (தங்கையை ஒருதலைப்பட்சமாக வைத்துவிட்டு மற்ற இருவர் மட்டும் ராஜியாகியிருந்தால் கதை வேறு, அங்கே 9-13 சரி, 30 நாள் கெடு.) வேண்டுதலில் ராஜியைப் பதிவு செய்த உத்தரவையும் அதன்படியான டிக்ரியையும் ரத்து செய்து, மூல வழக்கைக் கோப்பில் மீட்டெடுக்கக் கேட்க வேண்டும். டிக்ரியை மட்டும் ரத்து கேட்டு, பதிவு உத்தரவை விட்டுவிடுவது ஓட்டைப் பானை.

பிரமாணப் பத்திரத்தில் "மோசடி செய்துவிட்டார்கள்" என்று பத்து இடத்தில் எழுதுவதால் பயனில்லை. கட்டளை 6 விதி 4 விவரம் கேட்கிறது: யார், எந்தத் தேதியில், எங்கே, என்ன சொல்லி, எந்தத் தாளில் கையெழுத்து வாங்கினார்கள். மிரட்டலா, முறையற்ற செல்வாக்கா, மோசடியா, தவறான தகவலா என்பதை ஒப்பந்தச் சட்டம் 15 முதல் 18 வரையான பிரிவுகளில் எது பொருந்துகிறதோ அதன் சொல்லில் சொல்ல வேண்டும். "கையெழுத்து என்னுடையதே இல்லை" என்றும் "மிரட்டியதால் கையெழுத்திட்டேன்" என்றும் ஒரே பத்திரத்தில் எழுதுவது மனுவைக் கொன்றுவிடும். குறுக்கு விசாரணையில் முதல் பத்து நிமிடத்தில் இது வெளிவந்துவிடும். எப்போது தெரிந்தது, எப்படித் தெரிந்தது என்ற பத்தியும் தேதியோடு வேண்டும். வில்லங்கச் சான்றின் தேதி அதற்கு நல்ல ஆதாரம்.

மனு போட்டதாலேயே டிக்ரி நின்றுவிடாது. எதிர்த்தரப்பு நிறைவேற்று மனு போட்டு அமீனாவோடு (டிக்ரியை நிறைவேற்ற வரும் நீதிமன்ற ஊழியர்) வாசலுக்கு வரலாம். தடைக்குத் தனி மனு அதே நாளில் போட வேண்டும். சொத்தை விற்கக் கூடாது என்ற இடைக்காலத் தடையும் கேட்க வேண்டிய வழக்குகளே அதிகம்.

தனி வழக்கு என்ற பொறி

புது வழக்கு போட்டு டிக்ரியை ரத்து செய்யலாம் என்ற யோசனை இன்னும் சொல்லப்படுகிறது. 3-ஏ அதற்குப் போட்ட பூட்டு வலுவானது. வழக்குரையை எண்ணுக்கு எடுத்த பிறகும் கட்டளை 7 விதி 11-இல் மனு போட்டு எதிர்த்தரப்பு அதைத் தூக்கி எறியச் செய்துவிடும். "ராஜி செல்லாது" என்று வெளிப்படையாகக் கேட்காமல், "எனக்கு உரிமை உண்டு என்று விளம்புகை, ஆகவே டிக்ரி என்னைக் கட்டாது" என்று சுற்றி வளைத்து எழுதினாலும் பயனில்லை. வேண்டுதலின் சாரத்தைத்தான் நீதிமன்றம் பார்க்கும் என்று 2022-இல் ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2025-லும் இதே நிலை உறுதியானது. மூன்று வருடம் வழக்கு நடத்திவிட்டு வழக்குரை நிராகரிக்கப்பட்டுத் திரும்பும்போது, அதே நீதிமன்றத்தில் மனு போடும் காலமும் நெருக்கடியில் நிற்கும்.

தரப்பாக இல்லாதவர் தனி வழக்கு போடலாமா? அவருடைய உரிமை எங்கிருந்து வருகிறது என்பதைப் பொறுத்தது. தரப்பில் ஒருவரிடமிருந்து கிரயம் வாங்கி, அவர் வழியாக உரிமை சொல்பவர் அவருடைய இடத்தில்தான் நிற்கிறார். 2020-இல் திரிலோகி நாத் சிங் வழக்கில் அப்படிப்பட்டவருக்கும் 3-ஏ தடை என்றது உச்ச நீதிமன்றம். யாரையும் சாராமல் தனக்கென்று சுயமாக உரிமை உள்ளவரின் நிலை வேறு. அவர் இல்லாத ராஜி அவரைக் கட்டாது. தன் உரிமையை நிலைநாட்ட அவர் வழக்குப் போடலாம். அனுமதி பெற்று அப்பீலும் போகலாம்.

வருவாய் நீதிமன்றத்தில் ஆன ராஜிக்கு விதிவிலக்கு உண்டு. 2012-இல் ஹோரில் வழக்கில், மோசடி போன்ற கேள்விகளை விசாரிக்கும் தகுதியும் அமைப்பும் வருவாய் நீதிமன்றத்துக்கு இல்லை என்பதால், அங்கே ஆன ராஜி டிக்ரியை எதிர்த்துச் சிவில் நீதிமன்றத்தில் வழக்குத் தொடரலாம் என்றது.

மறு ஆய்வு மனுவைப் பற்றி நீட்ட வேண்டியதில்லை. கட்டளை 47, 30 நாள், பதிவேட்டின் முகத்தில் தெரியும் பிழை. சாட்சியம் எடுத்து மோசடியை நிரூபிக்க வேண்டிய வழக்குக்கு அது பொருந்தாத சட்டை.

பெயர் ஒன்றுதான், வழி வேறு

மக்கள் நீதிமன்றத்தில் முடிந்த வழக்குக்கு மேலே சொன்ன எதையும் அப்படியே எடுத்துக்கொண்டு போகக் கூடாது. 1987-ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணையங்கள் சட்டத்தின் 21-ஆம் பிரிவுப்படி அங்கே ஆகும் தீர்வு டிக்ரிக்குச் சமம், இறுதியானது, அப்பீல் இல்லை. 2008-இல் ஜலூர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: சமரசத்தின்பேரில் ஆன தீர்வை எதிர்க்க உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்புச் சட்டப் பிரிவு 226 அல்லது 227-இன்கீழ் மனுதான் வழி, அதுவும் மிகக் குறுகிய காரணங்களுக்கே. அந்த வழக்கிலேயே இன்னொரு படிப்பினை இருந்தது. மக்கள் நீதிமன்றத்துக்குத் தீர்ப்புச் சொல்லும் அதிகாரம் இல்லை. இரு தரப்பும் சம்மதிக்காமல் அது தானாக ஒரு தொகையை நிர்ணயித்தால் அது தீர்வே அல்ல. விபத்து இழப்பீட்டு வழக்குகளில் தீர்வுத் தாளில் கையெழுத்துப் போடுமுன் தொகைக் கட்டத்தைப் பார்ப்பது எவ்வளவு அவசியம் என்பது இதிலிருந்து தெரியும். பிறகு எதிர்ப்பதற்கு ஊரில் உள்ள கோர்ட் போதாது, சென்னையோ மதுரையோ போக வேண்டும்.

சமரச மையத்தில் பேசி முடித்தது வேறு. சென்னை உயர் நீதிமன்றத்தின் சமரச மையம் 2005 முதல் இயங்குகிறது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 89-ஆம் பிரிவில் அங்கே அனுப்பிய வழக்கில் உடன்பாடு எட்டினால், அது நீதிமன்றத்துக்குத் திரும்பி வந்து கட்டளை 23 விதி 3-இன்படி டிக்ரி ஆகிறது. எனவே எதிர்ப்பதும் அந்த விதிப்படியே, டிக்ரி போட்ட நீதிமன்றத்தில்.

குடும்ப நீதிமன்றத்தில் 1984-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 19(2) பிரிவு சம்மத உத்தரவுக்கு அப்பீலைத் தடுக்கிறது. இந்து திருமணச் சட்டம் 13-பி பிரிவில் பரஸ்பர சம்மத விவாகரத்துக் கேட்டவர், டிக்ரி ஆகும்வரை தன் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் என்று 1991-இல் சுரேஷ்டா தேவி வழக்கு சொல்கிறது. டிக்ரி ஆன பிறகு, சம்மதமே மோசடியால் வந்தது என்று அதே நீதிமன்றத்தில்தான் காட்ட வேண்டும்.

சம்மத டிக்ரி போலத் தோன்றி, அப்படி இல்லாதவையும் உண்டு. பிரதிவாதி பதிலுரையில் ஒப்புக்கொண்டதை வைத்துக் கட்டளை 12 விதி 6-இல் போட்ட டிக்ரி ராஜி அல்ல. அதற்கு அப்பீல் உண்டு. பாதி விஷயத்தில் ராஜி, மீதியில் தீர்ப்பு என்றால் தீர்ப்பான பகுதிக்கு அப்பீல் உண்டு. "வக்கீல் இந்த வாதத்தை விட்டுவிட்டார்" என்று தீர்ப்பில் எழுதியிருப்பது தவறு என்றால் மேல் நீதிமன்றத்தில் போய் மறுத்துப் பயனில்லை. நீதிபதிக்கு நினைவு பசுமையாக இருக்கும்போதே அவரிடமே சொல்ல வேண்டும் என்று 1982-இல் ராம்தாஸ் நாயக் வழக்கில் சொல்லப்பட்டது இன்றும் பின்பற்றப்படுகிறது.

மைனர் தரப்பாக இருந்தால் கட்டை இன்னும் கவனமாகப் பார்க்க வேண்டும். கட்டளை 32 விதி 7: நீதிமன்றத்தின் அனுமதி பதிவேட்டில் வெளிப்படையாக எழுதப்பட்டிருக்க வேண்டும், காப்பாளரின் பிரமாணப் பத்திரமும், ராஜி மைனரின் நன்மைக்கே என்று வக்கீலின் சான்றும் இருக்க வேண்டும். அனுமதி இல்லாத ராஜியை ரத்து செய்யும் தெரிவு மைனருக்கு மட்டுமே உண்டு. மற்றத் தரப்புகள் அந்தக் குறையைக் காட்டித் தப்ப முடியாது.

கடைசியாக நிறைவேற்றும் கட்டம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 47-ஆம் பிரிவில் ஆட்சேபிக்கலாம் என்று நம்பி முன் வாசல்களை விட்டுவிடுபவர்கள் உண்டு. நிறைவேற்றும் நீதிமன்றம் டிக்ரிக்குப் பின்னால் போய் மோசடி நடந்ததா என்று பார்க்காது. அதிகாரமே இல்லாத நீதிமன்றம் போட்டது, ஆகவே டிக்ரி பிறக்கவே இல்லை என்றால்தான் கேட்கும். வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின்கீழ் சம்மதத்தில் ஆன வெளியேற்ற உத்தரவுகளில் இந்த வாதம் வரும். சட்டம் சொல்லும் காரணம் ஒன்று இருந்தால்தான் வெளியேற்றலாம், சம்மதம் மட்டும் அதிகாரத்தைக் கொடுத்துவிடாது. ஆனால் சென்னையிலிருந்து போன கே.கே.சாரி வழக்கில், உரிமையாளரின் சொந்தத் தேவைக்கான ஆதாரம் கட்டில் இருந்தது, வாடகைதாரரும் எதிர்ப்பை விலக்கிக்கொண்டார் என்பதால் 1973-இல் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவைச் செல்லும் என்றது. எனவே இந்த ஆட்சேபணை எழுப்புமுன் சம்மதத் தாளை மட்டும் பார்க்காமல், அதற்கு முன் பதிவான மனு, எதிருரை, சாட்சியம் முழுவதையும் நகல் எடுத்துப் பார்க்க வேண்டும். சட்டக் காரணத்துக்கான ஆதாரம் ஒரு பக்கத்தில் இருந்தாலும் ஆட்சேபணை நிற்காது.